பாரிஸ் கைதட்டிய 'இந்திய' டான்சர், மெட்ராஸில் எடுத்த ஒரே ஒரு படம்: யார் இந்த உதய் சங்கர்?

திருப்பூர் நல்லூர் பக்கம் பனியன் கம்பெனியில் மெர்ச்சண்டைசராக வேலை பார்ப்பவர்களுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. பையர் ஐரோப்பாவில் இருப்பார். கலர், அளவு, பிரிண்ட் எல்லாம் அங்கிருந்துதான் வரும். எப்போதாவது ஒரு சீசனுக்கு, கொஞ்சம் இந்தியத்தனமா ஒரு டிசைன் வேணும் என்று மெயில் வரும். எது இந்தியத்தனம்? யானையா, மயிலா, மாங்காய் டிசைனா? நாம் அனுப்பும் சாம்பிளைப் பார்த்து அதையும் அவர்களே முடிவு செய்வார்கள்.

சுமார் நூறு வருடத்துக்கு முன்னால் லண்டனில் ஓவியம் படித்துக்கொண்டிருந்த ஒரு இளைஞரிடமும் இதே மாதிரி ஒரு ஆர்டர் வந்தது. இந்தியாவை ஆடிக் காட்டு என்றார்கள். அவர் எந்த குருவிடமும் நடனம் கற்றவர் கிடையாது. ஆனாலும் ஆடினார். உலகமே கைதட்டியது. அடுத்த இருபத்தைந்து வருடம், தான் ஆடியது யாருடைய இந்தியா என்று தேடிக்கொண்டே இருந்தார். அந்தத் தேடல் கடைசியில் வந்து நின்ற இடம் நம்ம மெட்ராஸ், ஜெமினி ஸ்டுடியோ.

அவர் பெயர் உதய் சங்கர். சிதார் மேதை ரவிசங்கரின் மூத்த அண்ணன். இன்றைக்குத் தம்பியைத் தெரிந்த அளவுக்கு அண்ணனைத் தெரியாது. 1930-களில் நிலைமை தலைகீழ்!

உதய்பூரில் பிறந்த பெங்காலி

1900 டிசம்பர் 8-ம் தேதி ராஜஸ்தானின் உதய்பூரில் பிறந்தார். ஊர்ப் பெயர்தான் அவர் பெயரும். பூர்வீகம் இன்றைய வங்கதேசத்தில் இருக்கும் ஜெசோர் பகுதி. அப்பா ஷ்யாம் சங்கர் பாரிஸ்டர், சம்ஸ்கிருதம் படித்தவர், ஜாலாவார் சமஸ்தானத்தில் உயர் பதவியில் இருந்தவர். அம்மா ஹேமாங்கினி, காசிக்குப் பக்கத்து காஜிபூர் வட்டாரத்துக்காரர். பெங்காலிக் குடும்பம், ராஜஸ்தான் பிறப்பு, இந்தி பேசும் ஊரில் சிறு வயது. சொந்த ஊர் எது என்று கேட்டால் ஒரு வரியில் பதில் சொல்ல முடியாத வாழ்க்கை ஆரம்பத்திலேயே அமைந்துவிட்டது.

மும்பை ஜே.ஜே. கலைப் பள்ளியில் ஓவியம் படித்தார். 1920-ல் லண்டன் போய் ராயல் காலேஜ் ஆஃப் ஆர்ட்டில் சேர்ந்தார். அப்பா அப்போது லண்டனில் இருந்தார். அவர் அவ்வப்போது நடத்திய இந்தியக் கலை நிகழ்ச்சிகளில் மகனும் சும்மா மேடை ஏறி ஆடுவார். அதுவரை அது பொழுதுபோக்கு மட்டுமே.

அங்கேதான் உலகப் புகழ் பெற்ற ரஷ்ய பாலே கலைஞர் அன்னா பாவ்லோவா உள்ளே வருகிறார். இந்தியாவுக்குச் சுற்றுப்பயணம் போய்விட்டு, தான் தேடிய நடனத்தைப் பார்க்க முடியவில்லை என்ற ஏக்கத்தோடு திரும்பியிருந்த நேரம். இந்தியக் கருவில் பாலே செய்ய ஒரு ஆள் வேண்டும். உதய் சங்கர் கிடைத்தார். 1923-ல் 'ஓரியண்டல் இம்ப்ரெஷன்ஸ்' என்ற தொகுப்பில் ஒரு இந்துக் கல்யாணக் காட்சியும், ராதா கிருஷ்ணன் நடனமும் அவர் அமைத்தார். பாவ்லோவா ராதை, உதய் சங்கர் கிருஷ்ணன். லண்டன் கோவென்ட் கார்டனில் அரங்கேறி, அமெரிக்கா வரை போனது.

கற்றுக்கொள்ளாத நடனத்தை எப்படி ஆடினார்? ஓவியர் கண்ணை வைத்து. ராஜஸ்தான் ஓவியங்களில் பார்த்த கிருஷ்ணனின் நிற்கும் தோரணை, கோயில் சிற்பங்களின் கை, இடுப்பு வளைவு, சின்ன வயதில் பார்த்த கிராமத்து ஆட்டங்கள். இவற்றை ஒன்றோடு ஒன்று கோத்து உடம்பில் ஏற்றினார். ஒரு போஸிலிருந்து இன்னொரு போஸுக்குப் போகும் வழியைத் தானே கண்டுபிடித்தார். மியூசியத்தில் சிலைகளைப் பார்த்து நடனம் செய்தார் என்று பிற்பாடு கிண்டல் செய்தவர்கள் உண்டு. அதில் பாதி உண்மையும் உண்டு.

அதே பாரிஸ், அதே மேடை

பாவ்லோவா குழுவை விட்டு விலகிய பிறகு பாரிஸில் கஷ்டமான வருடங்கள். பிழைப்புக்குச் சின்னச் சின்ன மேடைகள், இரவு விடுதி நிகழ்ச்சிகள். அந்தக் காலத்துப் பாரிஸுக்கு வெளிநாட்டு உடம்புகள் மேல் ஒரு மோகம் இருந்தது. 1925 அக்டோபரில் சாம்ப்ஸ் எலிசே தியேட்டரில் ஜோசஃபின் பேக்கர் என்ற 19 வயது கறுப்பின அமெரிக்கப் பெண் ஆடி ஒரே ராத்திரியில் நட்சத்திரம் ஆனார். அவர் பிறந்தது மிசௌரி மாகாணத்து செயின்ட் லூயிஸ் நகரத்தில். ஆனால் பாரிஸ் அவரிடம் பார்க்க விரும்பியது ஆப்பிரிக்கக் காட்டை. அடுத்த வருடம் வாழைப்பழப் பாவாடை கட்டி ஆடினார். அந்த எதிர்பார்ப்பை வைத்தே சம்பாதித்தார், அதையே கிண்டலும் செய்தார். அமெரிக்காவில் கிடைக்காத மரியாதை பிரான்ஸில் கிடைத்ததால் 1937-ல் அந்த நாட்டுக் குடியுரிமையே வாங்கிக்கொண்டார்.

1931 மார்ச் 3-ம் தேதி அதே சாம்ப்ஸ் எலிசே தியேட்டரில் உதய் சங்கரின் சொந்தக் குழு முதல் முறையாக மேடை ஏறியது. இரண்டு பேருடைய பிரச்னையும் ஒன்றுதான். தன் முன்னோர் மண்ணை, அதை நேரில் அறியாத ஒரு கூட்டத்துக்கு, அவர்கள் ரசிக்கும் விதத்தில் ஆடிக் காட்ட வேண்டும். பேக்கர் அதைச் சிரிப்பால் சமாளித்தார். உதய் சங்கர் கண்ணியத்தால் சமாளித்தார். இந்தியா என்றால் பாம்பாட்டி, மகாராஜா என்று நினைத்திருந்தவர்கள் முன்னால் சிவனையும் இந்திரனையும் நிதானமாக நிறுத்தினார்.

இந்தக் குழு உருவானதில் முக்கியப் பங்கு ஆலிஸ் போனர் என்ற சுவிஸ் சிற்பிக்கு உண்டு. உதய் சங்கரின் ஆட்டத்தைப் பார்த்து அசந்துபோனவர், 1930-ல் அவரை அழைத்துக்கொண்டு இந்தியா முழுக்கச் சுற்றினார். கேரளத்தில் கதகளியைப் பார்த்தது அந்தப் பயணத்தில்தான். பத்து வருடம் கழித்துச் சொந்த நாட்டுக்கு வந்த ஒருவர், தான் வெளிநாட்டில் ஆடிக்கொண்டிருந்ததன் ஒரிஜினலை முதல் முறை நேரில் பார்க்கிறார். யோசித்துப் பார்த்தால் கொஞ்சம் சங்கடமான அனுபவம்தான். திரும்பும்போது தம்பிகள், உறவினர்கள், இசைக் கலைஞர்கள் என ஒரு கூட்டத்தையே பாரிஸுக்குக் கூட்டிப்போனார். அதில் பத்து வயது ரவியும் ஒருவர். மேடையில் அவருடைய ஜோடி சிம்கி. இந்தியப் பெயர் மாதிரி இருக்கும். ஆனால் அவர் சிமோன் பார்பியே என்ற பிரெஞ்சுப் பெண், பியானோ கலைஞர்.

அடுத்த ஏழெட்டு வருடங்கள் ஐரோப்பா, அமெரிக்கா என்று ஓயாத சுற்றுப்பயணம். பல வெளிநாட்டு ரசிகர்களுக்கு அவர்தான் இந்திய நடனம்.

மெட்ராஸில் அப்போது என்ன நடந்துகொண்டிருந்தது?

இதே 1931 மார்ச் மாதம். பாரிஸ் நிகழ்ச்சி முடிந்து இரண்டு வாரம்கூட ஆகவில்லை. மெட்ராஸ் மியூசிக் அகாடமி தன் மேடையில் முதல் சதிர்க் கச்சேரியை வைத்தது. ஆடியவர்கள் தேவதாசி மரபில் வந்த கல்யாணியின் மகள்கள். பரம்பரையாக ஆடியவர்களுக்கு இங்கே மேடை கிடைப்பதே பெரிய சண்டையாக இருந்தது. 1932 டிசம்பரில் முத்துலட்சுமி ரெட்டியும் ஈ.கிருஷ்ணய்யரும் பத்திரிகைகளில் நேருக்கு நேர் மோதினார்கள். ஒருவர் அந்த முறையே ஒழிய வேண்டும் என்றார். இன்னொருவர் கலையையாவது காப்பாற்ற வேண்டும் என்றார். பரதநாட்டியம் என்ற பெயர் நிலைபெற்றதும் அந்தச் சமயத்தில்தான்.

இதில் பாவ்லோவாவுக்கு இன்னொரு தொடர்பும் இருக்கிறது. ருக்மிணி தேவியை உன் நாட்டுக் கலையைத் தேடிப் போ என்று தூண்டியவரும் அவரே. ருக்மிணி தேவி பந்தநல்லூர் மீனாட்சிசுந்தரம் பிள்ளையிடம் கற்று, 1936-ல் அடையாறில் பிற்காலத்தில் கலாக்ஷேத்ரா ஆன பள்ளியைத் தொடங்கினார். ஒரே ரஷ்யப் பெண்மணி கொடுத்த தூண்டுதல், இரண்டு பேரை இரண்டு வழியில் அனுப்பியது. ருக்மிணி தேவி ஒரு பாணிக்குள் ஆழமாகப் போனார். உதய் சங்கர் எந்தப் பாணிக்குள்ளும் நிற்கவில்லை.

அதனால்தான் இந்தியாவில் அவர் மேல் விமர்சனம் எழுந்தது. இது எந்தச் சம்பிரதாயம், குரு யார், இலக்கணம் என்ன என்று கேட்டார்கள். வெளிநாட்டில் அவர் நூறு சதவீத இந்தியர். உள்ளூரில் அரை வெளிநாட்டுக்காரர். வெளிநாட்டில் பல வருடம் இருந்துவிட்டு வீடு திரும்பியவர்களுக்கு இந்த ஃபீலிங் நன்றாகவே புரியும். தாகூர் மாதிரி சிலர் மட்டும் அவரை ஊக்கப்படுத்தி, நாட்டுக்குத் திரும்பி வந்து வேலை செய்யச் சொன்னார்கள்.

அல்மோரா: ஒரு பதில் முயற்சி

1930-களின் இறுதியில் உதய் சங்கர் நிஜமாகவே திரும்பினார். இமயமலை அடிவாரத்து அல்மோராவில், சிம்தோலா என்ற இடத்தில் ஒரு கலாசார மையம் தொடங்கினார். இங்கிலாந்தின் டார்டிங்டன் ஹாலை நடத்திய எல்ம்ஹர்ஸ்ட் தம்பதியின் ஆதரவு இருந்தது. குரு யார் என்று கேட்டவர்களுக்கு அவர் கொடுத்த பதில், நாட்டின் பெரிய குருமார்களையே ஒரு மலையில் கொண்டுவந்து உட்கார வைத்தது! கதகளிக்கு சங்கரன் நம்பூதிரி, மணிப்புரிக்கு அமோபி சிங், இசைக்கு அலாவுதீன் கான். பரதத்துக்கு மெட்ராஸிலிருந்து கந்தப்பப் பிள்ளை. பாலசரஸ்வதியை ஏழு கடல் தாண்டிப் பேச வைத்த அந்தக் கண்டிப்பான குரு இவர்தான்.

மாணவர் பட்டியலைப் பார்த்தால் தலை சுற்றும். பிற்காலத்தில் 'பியாசா' எடுத்த குரு தத் அங்கே படித்தவர். 'சீனி கம்' படத்தில் அமிதாப்பின் அம்மாவாக வந்து கலக்கிய சோஹ்ரா சேகல் அங்கே ஆசிரியர். 1931-ல் பாரிஸ் காலனிக் கண்காட்சிக்கு அப்பாவோடு வந்து, 11 வயதில் உதய் சங்கர் குழுவோடு ஐரோப்பா சுற்றிய அமலா நந்தியும் அல்மோராவுக்கு வந்தார். 1942-ல் இருவருக்கும் திருமணம்.

ஆனால் அது போர்க்காலம். வெளிநாட்டு உதவி வற்றியது. பள்ளியை நடத்துவதே பெரும் பாடானது. 1940-களின் நடுவில் அல்மோரா மூடப்பட்டது. ஊர் ஊராகப் போன காலத்தில் ஒரு சூட்கேஸில் அடங்கிய 'இந்தியா', ஒரு இடத்தில் வேர் பிடிக்க முயன்றபோது நிற்கவில்லை.

ஜெமினியில் ஒரு கனவு

அல்மோரா போன பிறகு கையில் மிஞ்சியது கலைஞர்கள், நடனங்கள், நினைவு. இது எல்லாவற்றையும் ஃபிலிமில் பதிய வைத்துவிட வேண்டும் என்று கிளம்பினார். வந்து இறங்கிய இடம் மெட்ராஸ். இன்று ஜெமினி மேம்பாலம் என்று நாம் சொல்லும் இடத்தில் இருந்த எஸ்.எஸ்.வாசனின் ஸ்டுடியோ. இந்திப் படம், தயாரிப்பாளர் உதய் சங்கர், இயக்குநர் உதய் சங்கர், ஹீரோ உதய் சங்கர். கேமரா கே.ராம்நாத். இசை, பாரிஸ் காலத்திலிருந்து கூடவே இருந்த விஷ்ணுதாஸ் ஷிராலி. படம் 'கல்பனா', கற்பனை என்று அர்த்தம்.

கதை? ஒரு எழுத்தாளர் ஸ்கிரிப்டைத் தூக்கிக்கொண்டு ஒரு தயாரிப்பாளரிடம் போகிறார். பாக்ஸ் ஆபீஸ் தவிர வேறெதுவும் தெரியாத தயாரிப்பாளர். அவருக்குச் சொல்லும் கதையாகத்தான் முழுப் படமும் விரிகிறது. நடனப் பித்துப் பிடித்த உதயன் என்ற பையன் வளர்ந்து, இமயமலையில் ஒரு கலா கேந்திரம் கட்டுகிறான். அவனைச் சுற்றி உமா, காமினி என இரண்டு பெண்கள். உமாவாக அமலா. உதயன் யார் என்று சொல்லத் தேவையில்லை, பெயரிலேயே இருக்கிறது.

நிஜ அல்மோரா பணமில்லாமல் மூடியது. படத்தில் உதயன் ராஜாக்களையும் பணக்காரர்களையும் விழாவுக்கு வரவழைத்து, அவர்களைக் கிண்டல் செய்துகொண்டே நிதி திரட்டுகிறான். நான் பெரியவன், என் மாகாணம் பெரியது என்று அடித்துக்கொள்ளும் கூட்டத்தையும் விடவில்லை. வெளிநாட்டு மோகத்தையும் விடவில்லை. இந்தியா என்பது எது என்று பாரிஸ் கேட்ட கேள்வியை இந்த முறை இந்தியர்களிடமே திருப்பிக் கேட்கிறார். பதில் ஒன்று அல்ல, படம் முழுக்க எண்பதுக்கு மேற்பட்ட நடனத் துண்டுகள். மணிப்புரி வரும், கதகளி வரும், நாட்டுப்புற ஆட்டம் வரும். கனவுக்குள் கனவு மாதிரி ஒன்றிலிருந்து ஒன்று முளைக்கும். கதையைப் பிடித்துக்கொண்டு பார்த்தால் குழப்பும் என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

திருப்பூர்க்காரர்கள் அவசியம் பார்க்க வேண்டிய ஒரு பகுதி அதில் இருக்கிறது. அல்மோராக் காலத்திலேயே அவர் 'லேபர் அண்ட் மெஷினரி' என்று ஒரு பாலே அமைத்திருந்தார். கைத்தொழில் செய்த கிராமத்து ஆட்கள் ஆலைக்குள் போய், மெஷினோடு மெஷினாக மாறுவதுதான் கரு. 'கல்பனா'வில் அது வரும்போது ஆடுபவர்களின் கைகால்களே சக்கரமும் பல்லுமாகச் சுழலும். ஒரே அசைவு, திரும்பத் திரும்ப. ஓவர்லாக் மெஷின் முன்னால் உட்கார்ந்து, நைட் ஷிப்டில் அதே தோள்பட்டைத் தையலை ஆயிரமாவது தடவை போட்டவர்களுக்கு அதை யாரும் விளக்க வேண்டாம். புராணக் கதையும் கோயில் சிலையுமாக வெளிநாட்டில் பேர் வாங்கியவர், தொழிலாளி உடம்பும் இந்தியாதான் என்று சொன்ன இடம் அது. எந்தப் பையரும் கேட்காத டிசைன்!

தமிழ் சினிமாவுக்கு இந்தப் படம் கொடுத்த பரிசு ஒன்று உண்டு. திருவிதாங்கூரிலிருந்து வந்த அக்கா, தங்கை இருவர் இதில் ஆடினார்கள். லலிதா, பத்மினி. இருபது வருடம் கழித்து 'தில்லானா மோகனாம்பாள்' ஆன பத்மினிதான். அதே ஜெமினியில் அதே காலத்தில் வாசன் எடுத்துக்கொண்டிருந்த 'சந்திரலேகா'வின் பிரம்மாண்ட முரசு நடனத்துக்கும் 'கல்பனா'வுக்கும் உள்ள உறவைச் சினிமா வரலாற்று ஆய்வாளர்கள் அடிக்கடி சுட்டிக்காட்டுவார்கள்.

இரண்டு படங்களும் 1948-ல் வெளியாயின. 'சந்திரலேகா' நாடு முழுக்க ஓடியது. 'கல்பனா' ஓடவில்லை. படத்தின் கடைசியில் அந்தத் தயாரிப்பாளர் ஸ்கிரிப்டை வேண்டாம் என்று சொல்லிவிடுவார். தியேட்டர்களும் கிட்டத்தட்ட அதையேதான் சொன்னன. உதய் சங்கர் அதற்குப் பிறகு இன்னொரு முழுநீளப் படம் எடுக்கவே இல்லை.

அதுக்கப்புறம்?

கொல்கத்தாவில் குடியேறி மேடையைத் தொடர்ந்தார். 1961-ல் தாகூர் நூற்றாண்டுக்கு அவருடைய கவிதையை வைத்து 'சாமான்ய க்ஷதி' அமைத்தார். 1970 வாக்கில், எழுபது வயதில், 'சங்கர்ஸ்கோப்' என்று ஒரு விஷயம் செய்தார். திரையில் ஓடும் சினிமாவிலிருந்து ஆட்கள் மேடைக்கு இறங்கி வருவார்கள், மேடையில் ஆடுபவர்கள் திரைக்குள் போவார்கள். 'கல்பனா'வின் தோல்வி அவரை சினிமாவை விட்டு முழுசாகப் பிரிக்கவில்லை என்பதற்கு அது சாட்சி. 1971-ல் பத்ம விபூஷண் கிடைத்தது. 1977 செப்டம்பர் 26-ம் தேதி கொல்கத்தாவில் காலமானார்.

மகன் ஆனந்த சங்கர் சிதாரோடு ராக் இசையைக் கலந்தவர். மகள் மமதா சங்கர் மிருணாள் சென், சத்யஜித் ரே படங்களில் நடித்தவர், நடனக் கலைஞர். அப்பாவின் கலப்படம் பிள்ளைகளிடமும் வந்துவிட்டது. இதைப் பாராட்டாகவே எடுத்துக்கொள்ளவும்.

'கல்பனா' மட்டும் பல வருடங்களுக்குச் சரியான பிரிண்ட் இல்லாமல் கிடந்தது. ஹாலிவுட் இயக்குநர் மார்ட்டின் ஸ்கார்செஸி தொடங்கிய உலக சினிமா அறக்கட்டளை அதைக் கையில் எடுத்தது. பூனாவின் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்தில் இருந்த பிரதியை வைத்து இத்தாலியின் பொலோனியாவில் புதுப்பித்தார்கள். 2012 மே மாதம் கான் திரைப்பட விழாவின் கிளாசிக்ஸ் பிரிவில் திரையிட்டார்கள். 64 வருடத்துக்கு முன் மெட்ராஸில் ஓடாத படம், அதன் ஹீரோ முதன்முதலாகப் பேர் வாங்கிய அதே பிரான்ஸில் மறுபடி ஓடியது.

அன்றைக்கு அரங்கில் அமலா இருந்தார். வயது 92. திரையில் உமா ஆடுவதை உட்கார்ந்து பார்த்தார். அவர் 2020 ஜூலையில், 101 வயதில், கொல்கத்தாவில் காலமானார்.